எழுத்துக்கு யார் காவல்?

விதைத்தவன் வீட்டுக்குப் போய்ப் படுத்துக்கொண்டால் விளைச்சல் களத்துக்கு வந்து சேராது. களை எடுக்க வேண்டும். நீர் பாய்ச்ச வேண்டும். கதிர் முற்றும் காலத்தில் பரண் கட்டிக் காவலும் இருக்க வேண்டும். எழுத்துத் தொழிலிலும் இப்படி ஒரு துறை உண்டு. கவிதை எழுதுகிறவனுக்கு இந்தத் தொல்லை குறைவு. அவன் எழுதியது பெரும்பாலும் எழுதியபடியே படிப்பவன் கைக்குப் போய்ச் சேருகிறது. சிறுகதையும் நாவலும் அவ்வாறே. திரைக்கும் தொலைக்காட்சிக்கும் எழுதுகிறவன் நிலை வேறு. அவன் எழுதிய தாள் பலர் கை மாறுகிறது. நடிகர் ஒரு வரியை மாற்றுவார். டைரக்டர் ஒரு காட்சியை நீக்குவார். பணம் போட்டவர் முடிவையே வேறாக்கச் சொல்லுவார். கடைசியில் திரையில் தன் பெயரைக் காண்கிறான். தன் கதையைக் காண்பதில்லை.

நம் சங்கத்தின் விழாக்களுக்கு நாடகம் எழுதும் நண்பர்கள் சிலர் என்னிடம், "இதையே தொழிலாகக் கொண்டால் என்ன?" என்று கேட்டதுண்டு. ஊரை விட்டு இத்தனை தொலைவு வந்து, பகலில் பொறியியலும் பொருளியலும் படித்து, இரவில் விடுதி அறையில் உட்கார்ந்து தமிழில் நாடகம் எழுதுகிறவர்கள் அவர்கள். அவர்களுக்கு இது பொழுதுபோக்குக் கேள்வியன்று, வாழ்க்கைக் கேள்வி. ஆகவே, அந்தத் தொழில் எப்படி நடக்கிறது, அதில் எழுத்தாளனுக்கு என்ன கிடைக்கிறது, என்ன விலை கொடுக்க வேண்டியிருக்கிறது என்பதை ஓர் உண்மை வரலாற்றைக் கொண்டு விளக்கலாம் என்று கருதுகிறேன்.

நான் எடுத்துக்கொள்வது அமெரிக்க நாட்டு எழுத்தாளர் இருவரின் வரலாறு. ஒருவர் ரிச்சர்டு லெவின்சன். மற்றவர் வில்லியம் லிங்க். பெயர்கள் நமக்குப் பழக்கமில்லாதவையாக இருக்கலாம். ஆனால் கசங்கிய மழைக்கோட்டும் அணைந்த சுருட்டுமாக வந்து, போகிற போக்கில் திரும்பி நின்று, "இன்னும் ஒரே ஒரு விஷயம்" என்று கேட்கும் துப்பறிவாளர் கொலம்போவை நம்மில் பலர் அறிவோம். அவரைப் படைத்தவர்கள் இவர்கள். தொலைக்காட்சிக்கென்றே எடுக்கப்படும் முழுநீளப் படங்களை எழுதியதோடு நில்லாமல், அவற்றைத் தாமே தயாரித்தும் வந்தவர்கள். அந்த இரண்டாவது வேலையை அவர்கள் ஏன் மேற்கொண்டார்கள் என்பதில்தான் நம் நண்பர்களின் கேள்விக்கு விடை இருக்கிறது.

தொலைக்காட்சிப் படம்

முதலில் இந்தப் படங்கள் எப்படிப்பட்டவை என்று பார்ப்போம். அமெரிக்கத் தொலைக்காட்சிக் கம்பெனிகள் தியேட்டர்களில் ஓடி முடிந்த படங்களை விலைக்கு வாங்கிக் காட்டி வந்தன. நல்ல படங்களின் கையிருப்பு குறைந்தது, விலையும் ஏறியது. 'தியேட்டருக்குப் போகாமல் நேராக வீட்டுக்கே வரும் படங்களை நாமே எடுத்தால் என்ன?' என்ற எண்ணம் பிறந்தது. யூனிவர்சல் ஸ்டூடியோ எடுத்த 'ஸீ ஹௌ தே ரன்' என்ற படத்தை என்.பி.ஸி. கம்பெனி 1964 அக்டோபர் 7-ஆம் நாள் ஒளிபரப்பியது. இவ்வகையில் முதற்படம் என்று அதையே சொல்லுகிறார்கள். 1969-ல் ஏ.பி.ஸி. கம்பெனி வாரம் ஒரு புதுப்படம் என்ற திட்டத்தைத் தொடங்கியது. நம் நாட்டிலும் இத்தகைய முயற்சி இல்லாமலில்லை. பிரேம்சந்தின் சிறுகதையைச் சத்யஜித் ராய் 'சத்கதி' என்ற பெயரில் தூர்தர்ஷனுக்காக எடுத்தது 1981-ல். கோவிந்த் நிஹலானியின் 'தமஸ்' வந்தது 1988-ல்.

ஏ.பி.ஸி.யின் வாரப் படத்துக்கு ஒதுக்கிய நேரம் 90 நிமிடம். விளம்பரங்களுக்கு விட்டது போக எழுத்தாளனுக்கு மிஞ்சியது ஏறத்தாழ 74 நிமிடம். அந்த 74 நிமிடமும் ஒரே நீட்டாக ஓடுவதில்லை; விளம்பரங்கள் அதைப் பல துண்டுகளாக வெட்டிவிடும். தியேட்டருக்கு வந்தவன் காசு கொடுத்து உள்ளே வந்தவன். படம் சற்றுத் தொய்ந்தாலும் பொறுத்துக்கொள்வான். வீட்டில் இருப்பவனுக்கு அந்தக் கட்டாயம் இல்லை. கை நீட்டி வேறு நிலையத்துக்குத் திருப்பிவிட்டால் தீர்ந்தது. ஆகவே, ஒவ்வொரு துண்டின் முடிவிலும் 'அடுத்து என்ன?' என்ற கேள்வியை விட்டுச் செல்ல எழுத்தாளன் கற்றிருக்க வேண்டும். படப்பிடிப்புக்குக் கிடைப்பதோ இரண்டு வாரம், மூன்று வாரம். செலவும் குறைவு. கூட்டமும் போர்க்களமும் காட்ட வசதி இல்லாத இடத்தில் இரண்டு மூன்று மனிதர்களையும் அவர்கள் பேச்சையும் கொண்டே கதை நடக்க வேண்டும். இது குறையாகத் தோன்றலாம். ஆனால் பேச்சில் வல்ல எழுத்தாளனுக்கு இதைவிட நல்ல களம் வேறில்லை. மேலும் அந்நாளில் அத்தகைய படம் ஒன்றை ஒரே இரவில் கோடிக்கணக்கானோர் பார்த்தார்கள். எந்த நாடக மேடைக்கு அப்படி ஓர் அவை வாய்க்கும்?

தயாரிப்பாளர் என்பவர் யார்?

நம் ஊரில் தயாரிப்பாளர் என்றவுடன் பணம் போட்ட முதலாளி நினைவுக்கு வருகிறார். அமெரிக்கத் தொலைக்காட்சியில் பணம் ஸ்டூடியோவுடையது, கம்பெனியுடையது. தயாரிப்பாளர் என்பவர் வேலையைத் தொடக்கமுதல் முடிவுவரை மேற்பார்க்கிறவர். எந்தக் கதை, எந்த டைரக்டர், எந்த நடிகர், எந்த இடம் என்று தேர்ந்தெடுப்பதில் அவர் கை இருக்கிறது. படம் எடுத்து முடிந்தபின் படத்தொகுப்பிலும் இசையிலும் இருந்து பார்க்கிறவரும் அவரே. தியேட்டர்ப் படத்தில் டைரக்டர் அரசர். தொலைக்காட்சியில் அவர் சில வாரங்களுக்கு வந்து போகும் விருந்தினர். தங்கி இருப்பவர் தயாரிப்பாளர்.

எனவே, தன் எழுத்து சிதையாமல் திரைக்குப் போக வேண்டும் என்று விரும்பும் எழுத்தாளன் அங்கே டைரக்டர் ஆக முயல்வதில்லை. தயாரிப்பாளர் ஆக முயல்கிறான். இப்படி இரண்டு பொறுப்பையும் ஏற்றவர்களை 'எழுத்தாளர்-தயாரிப்பாளர்' என்று நடுவில் ஒரு சிறு கோடு இட்டு எழுதுவார்கள். அந்தக் கோட்டின் ஆங்கிலப் பெயரைக் கொண்டே அவர்களை 'ஹைஃபனேட்' என்று அழைப்பதும் உண்டு. பார்வைக்குச் சிறு கோடுதான். அதைப் பெறுவதற்குள் லெவின்சனும் லிங்க்கும் பட்ட பாடு சிறிதன்று.

பள்ளியில் தொடங்கிய கூட்டு

லிங்க் பிறந்தது 1933-ல். லெவின்சன் பிறந்தது 1934-ல். இருவரும் பிலடெல்பியாக்காரர்கள். பள்ளிக்கூடத்தில் அறிமுகமானார்கள். இருவருக்கும் இரண்டு பித்து: ஒன்று செப்படி வித்தை; மற்றொன்று மர்மக் கதை. ஒருவகையில் பார்த்தால் இரண்டும் ஒன்றே. பார்ப்பவன் கண்ணை ஒரு கையில் நிறுத்திவிட்டு மறு கையால் காரியத்தை முடிப்பதுதான் இரண்டிலும் உள்ள கலை.

இருவரும் பென்சில்வேனியாப் பல்கலைக் கழகத்தில் சேர்ந்தார்கள். இலக்கிய மாணவர்களாக அன்று; வார்ட்டன் வணிகப் பள்ளி மாணவர்களாக! பகலில் கணக்கும் வாணிபமும் படித்தார்கள். மற்ற நேரத்தில் மாணவர் பத்திரிகையில் எழுதினார்கள். 'மாஸ்க் அண்டு விக்' என்ற மாணவர் நாடகக் குழுவுக்கும் எழுதிக் கொடுத்தார்கள். மாணவர்களாக இருந்தபோதே, 1954-ல், அவர்களுடைய சிறுகதை ஒன்றை 'எல்லரி க்வீன்' மர்ம இதழ் வெளியிட்டது. 1956-ல் பட்டம் பெற்று, ராணுவப் பணியும் முடித்து வந்தபின், 1959-ல் அவர்கள் எழுதிய 'செயின் ஆப் கமாண்டு' தொலைக்காட்சி நாடகமாக வந்தது. நம் நண்பர்கள் இந்த இடத்தைக் கொஞ்சம் நின்று கவனிக்க வேண்டும். மாணவர் இதழில் எழுதுவது விளையாட்டு, பின்னால் எழுதுவதுதான் எழுத்து என்று அவர்கள் பிரித்துப் பார்க்கவில்லை. எழுதி, மேடையில் ஏற்றி, அவையின் சிரிப்பையும் மௌனத்தையும் கேட்டுப் பழகியது பல்கலைக் கழகத்திலேதான்.

கொலம்போ பிறந்த விதம்

கொலம்போ ஒரே நாளில் பிறந்தவர் அல்லர். அவர் பிறக்க எட்டு ஆண்டு ஆயிற்று எனலாம். முதலில் ஒரு சிறுகதை எழுதினார்கள். அதைக் கொண்டு 1960-ல் 'எனஃப் ரோப்' என்ற தொலைக்காட்சி நாடகம் செய்தார்கள். பெர்ட் ஃப்ரீடு என்ற நடிகர் அதில் கொலம்போவாக வந்தார். அதையே விரித்து 'பிரிஸ்கிரிப்ஷன்: மர்டர்' என்று மேடை நாடகமாக எழுதினார்கள். 1962-ல் மேடையேறிய அந்த நாடகத்தில் மனைவியைக் கொல்லும் மனநல மருத்துவரே தலைமைப் பாத்திரம். ஜோசப் காட்டன் என்ற புகழ் பெற்ற நடிகர் அந்த வேடம் ஏற்றார். துப்பறிவாளராக வந்தவர் தாமஸ் மிட்செல் என்ற முதிய நடிகர். ஆனால் அவையோர் மனத்தைக் கவர்ந்தவர் அந்தத் துப்பறிவாளரே! தாம் துணைப் பாத்திரமாக எழுதியதைத் தலைமைப் பாத்திரமாக உயர்த்தியது மக்கள் தீர்ப்பு. அந்தத் தீர்ப்பை எழுத்தாளர்கள் தலைவணங்கி ஏற்றார்கள். 1968 பிப்ரவரியில் அந்நாடகம் என்.பி.ஸி.யில் தொலைக்காட்சிப் படமாக வந்தபோது பீட்டர் ஃபாக் கொலம்போ ஆனார். அந்த மழைக்கோட்டு அவருடைய சொந்த உடைமை.

'இன்னும் ஒரே ஒரு விஷயம்' என்ற புகழ் பெற்ற பேச்சு பிறந்த கதையை லிங்க் பின்னாளில் சொல்லியிருக்கிறார். மேடை நாடகம் எழுதும்போது ஒரு காட்சி நீளம் போதாமல் நின்றுவிட்டது. கொலம்போவோ அறையை விட்டு வெளியே போய்விட்டார். தட்டச்சு செய்த தாளை மீண்டும் அடிக்கச் சோம்பல். ஆகவே, வெளியே போனவரைக் கதவைத் திறந்துகொண்டு திரும்பி வரச் செய்து, இன்னும் ஒன்று கேட்க மறந்துவிட்டேன் என்று பேச வைத்தார்களாம். சோம்பலில் பிறந்த உத்தி உலகப் புகழ் பெற்றது! ஆனால் சோம்பல் எல்லோருக்கும் உண்டு. இடறி விழுந்த இடத்தில் கிடந்தது பொன் என்று கண்டுகொள்ளும் கண் எல்லோருக்கும் இல்லை.

கொலம்போ கதைகளில் மற்றொரு புதுமையும் உண்டு. கொலைகாரன் யார் என்பதைத் தொடக்கத்திலேயே காட்டிவிடுவார்கள். பிறகு என்ன சுவை என்று கேட்கலாம். தாஸ்தாயெவ்ஸ்கியின் 'குற்றமும் தண்டனையும்' நாவலைப் படித்தவர் அப்படிக் கேட்க மாட்டார். அந்நாவலில் வரும் விசாரணை அதிகாரி போர்பிரி பெத்ரோவிச்தான் கொலம்போவுக்கு முன்மாதிரி என்பதை எழுத்தாளர்களே ஒப்புக்கொண்டிருக்கிறார்கள். சிலப்பதிகாரம் படித்த நமக்கும் இது புதிதன்று. சிலம்பைக் கவர்ந்தவன் பொற்கொல்லன் என்பது நமக்குத் தெரியும், பாண்டியனுக்குத்தான் தெரியாது. உண்மை எப்போது அவைக்கு வரும், எப்படி வரும் என்பதே நம் நெஞ்சைப் பிடித்து நிறுத்துகிறது.

கொலம்போ 1971-ல் தொடராக வந்தபோது கம்பெனிக்காரர்களுக்கு ஒரே கவலை. 'கதாநாயகன் படம் தொடங்கி இருபது நிமிடம் கழித்தா வருவான்? கையில் துப்பாக்கி இல்லை, அடிதடி இல்லை, இதை யார் பார்ப்பார்கள்?' என்று கேட்டார்கள். லெவின்சனும் லிங்க்கும் இசையவில்லை. அவர்களால் இசையாமல் இருக்க முடிந்ததற்குக் காரணம் ஒன்றே. அப்போது அவர்கள் எழுத்தாளர்கள் மட்டும் அல்லர். தொடரின் தயாரிப்பாளர்களும் ஆவர். முதலில் ஒளிபரப்பான கதையில் டைரக்டர் பொறுப்பை இருபத்து நான்கு வயது இளைஞர் ஒருவரிடம் கொடுத்தார்கள். அவர் பெயர் ஸ்டீவன் ஸ்பீல்பெர்க்! அந்தக் கதையில் கூட்டாக மர்ம நாவல் எழுதும் இருவரில் ஒருவர் மற்றவரைக் கொன்றுவிடுகிறார். அதைத் தயாரித்த இரு கூட்டாளிகளோ சாவு பிரிக்கும்வரை பிரியாதவர்கள்.

கோடு இல்லாதபோது நடந்தது

தயாரிப்பாளர் பொறுப்பு இல்லாவிட்டால் என்ன ஆகும் என்பதை அவர்கள் முன்னரே கண்டிருந்தார்கள். 1967-ல் 'மேனிக்ஸ்' என்ற துப்பறியும் தொடருக்குக் கருவை வகுத்துக் கொடுத்தவர்கள் இவர்களே. கம்ப்யூட்டரை நம்பி நடக்கும் ஒரு பெரிய நிறுவனம். அதில் தன் அறிவையும் மனத்தையும் நம்பி வேலை செய்யும் ஒரு தனிமனிதன். இருவருக்கும் இடையே ஓயாத பூசல். இதுதான் அவர்கள் கண்ட கரு. இன்று எண்ணிப் பார்த்தால் எவ்வளவு தொலைநோக்கு! ஆனால் தொடரை நடத்தியவர்கள் வேறு. ஓராண்டு கழிந்ததும் கம்ப்யூட்டரும் போயிற்று, நிறுவனமும் போயிற்று. மேனிக்ஸ் மற்றத் துப்பறிவாளர்களைப் போல் தனி அலுவலகம் வைத்துக்கொண்டு, அடியும் உதையும் வாங்கிக்கொண்டிருந்தான். தொடர் எட்டு ஆண்டு ஓடியது. கரு கொடுத்தவர்கள் பெயரும் திரையில் வந்துகொண்டுதான் இருந்தது. கரு மட்டும் இல்லை.

1970 ஜனவரியில் என்.பி.ஸி.யில் வந்த 'மை ஸ்வீட் சார்லி' என்ற படத்தை அவர்கள் எழுதியதோடு தயாரிக்கவும் செய்தார்கள். அமெரிக்கத் தென்பகுதியில், ஆளில்லாத ஒரு வீட்டில், இரண்டு பேர் ஒளிந்திருக்கிறார்கள். ஒருவர், போலீசுக்கு அஞ்சி ஓடிவந்த கறுப்பின வழக்கறிஞர். மற்றவள், மணமாகாமல் கருவுற்றதால் வீட்டை விட்டு வந்த வெள்ளைக்காரப் பெண். அவள் படிப்பறிவு குறைந்தவள், நிறவெறியில் ஊறியவள். அவர்கள் இருவரும் மெல்ல மெல்ல ஒருவரை ஒருவர் மனிதராகக் காண்பதே கதை. பட்டி டியூக் என்ற நடிகைக்கு எம்மி விருது கிடைத்தது; திரைக்கதைக்காக லெவின்சன், லிங்க் இருவருக்கும் கிடைத்தது. தொலைக்காட்சிப் படம் என்றால் பொழுதுபோக்குச் சரக்கு என்று எண்ணியவர்கள் சற்று நிமிர்ந்து உட்கார்ந்தார்கள்.

ஒரு பேச்சின் விலை

காவல் இருந்தால் எல்லாம் காப்பாற்றப்படும் என்று நினைத்துவிட வேண்டாம். இவ்வரலாற்றில் என்னை மிகவும் சிந்திக்க வைத்தது 1972 நவம்பர் 1-ஆம் நாள் ஏ.பி.ஸி.யில் வந்த 'தட் ஸெர்ட்டன் ஸம்மர்' என்ற படம்.

மனைவியைப் பிரிந்த ஒரு தந்தை. விடுமுறைக்கு அவரிடம் வரும் பதினான்கு வயது மகன். தந்தை தன்பாலின ஈர்ப்பு உடையவர். வேறோர் ஆடவருடன் வாழ்கிறார். மகனிடம் அதை எப்படிச் சொல்வது? கதை இவ்வளவே. இன்று நமக்கு இது பெரிய துணிச்சலாகத் தோன்றாமல் இருக்கலாம். அன்றைய நிலையை எண்ண வேண்டும். அமெரிக்க மனநல மருத்துவர் சங்கம் தன்பாலின ஈர்ப்பை நோய்ப் பட்டியலிலிருந்து நீக்கியதே 1973 டிசம்பரில்தான்; படம் வந்து ஓராண்டுக்குப் பிறகு. நம் உச்ச நீதிமன்றம் அது குற்றமன்று என்று தீர்ப்பளித்தது 2018-ல். என்.பி.ஸி. இந்தக் கதையை ஏற்க மறுத்தது. ஏ.பி.ஸி. ஏற்றது. ஆனால் அங்கே ஒவ்வொரு கதையையும் படித்து, இது கூடும், இது கூடாது என்று சொல்லும் கண்காணிப்புப் பிரிவு ஒன்று உண்டு. அந்தப் பிரிவு ஒரு நிபந்தனை விதித்தது. பலரும் இவ்வாழ்க்கையைத் தவறென்று கருதுகிறார்கள் என்பதையும், தேர்ந்துகொள்ளும் உரிமை தனக்கு இருந்திருந்தால் தானும் இதைத் தேர்ந்திருக்க மாட்டேன் என்பதையும் தந்தை தன் வாயாலேயே மகனிடம் சொல்ல வேண்டும்!

எழுத்தாளர்களுக்கு அந்தப் பேச்சில் விருப்பமில்லை. மறுத்தால் படமே இல்லை. ஒப்புக்கொண்டால் தாம் சொல்ல வந்ததற்கு மாறாக ஒரு பேச்சு படத்தின் நெஞ்சிலேயே உட்கார்ந்துவிடும். என்ன செய்வது? ஒப்புக்கொண்டார்கள். ஹால் ஹோல்புரூக் என்ற சிறந்த நடிகர் தந்தையாக நடித்தார். அவர் வாயில் அந்தப் பேச்சு கம்பெனியின் தீர்ப்பாக ஒலிக்காமல், உலகின் பழியை நெடுநாள் சுமந்து களைத்துப்போன ஒரு மனிதனின் வேதனையாக ஒலித்தது. அந்த ஆண்டின் சிறந்த தொலைக்காட்சிப் படத்துக்குரிய கோல்டன் குளோப் விருதும் படத்துக்குக் கிடைத்தது. ஆயினும் அந்தப் பேச்சைப் பற்றிய குறை பிற்காலத்தில் சொல்லப்படாமல் இல்லை.

அவர்கள் செய்தது சரியா? நானும் பலமுறை எண்ணிப் பார்த்தேன். தன் எழுத்தில் ஒரு புள்ளியையும் மாற்றவிடாதவன் வீரன்தான். ஆனால் அவன் எழுத்து மேசை இழுப்பறைக்குள்ளேயே இருந்துவிட்டால், தன்னைப் பற்றி ஒரு நல்ல சொல்லும் கேட்டறியாத ஆயிரம் வீடுகளுக்குள் அது எப்படி நுழையும்? எல்லாவற்றுக்கும் தலையாட்டுகிறவனோ எழுத்தாளனே அல்லன். எதை விடலாம், எதை விடக்கூடாது என்று அறிவதே இத்தொழிலின் கடினமான பாடம். அவர்கள் ஒரு பேச்சை விட்டார்கள், தந்தையை விடவில்லை. அவர் நல்லவர், மகனை உயிராக நேசிப்பவர் என்பதை விடவில்லை. அதனால் நான் அவர்கள் பக்கமே நிற்கிறேன்.

பிறர் கைவிட்ட கதை

1974 மார்ச்சில் வந்த 'தி எக்ஸிக்யூஷன் ஆப் பிரைவேட் ஸ்லோவிக்' மற்றொரு சோதனை. எடி ஸ்லோவிக் என்ற அமெரிக்கப் படைவீரன், போர்முனையை விட்டு ஓடிய குற்றத்துக்காக 1945 ஜனவரி 31-ஆம் நாள் பிரான்சில் சுட்டுக் கொல்லப்பட்டான். இரண்டாம் உலகப் போரில் இக்குற்றத்துக்காக மரண தண்டனை பெற்ற அமெரிக்க வீரர் 49 பேர். தண்டனை நிறைவேற்றப்பட்டது அவன் ஒருவனுக்கே. அவன் உண்மையில் எப்படி இறந்தான் என்பது அவன் மனைவிக்குக்கூடப் பல ஆண்டுகள் தெரியாது. வில்லியம் பிராட்ஃபோர்டு ஹியூயி 1954-ல் இதை நூலாக எழுதினார். 1960-ல் பிராங்க் சினாட்ரா என்ற பெரும் நட்சத்திரம் இதைப் படமாக எடுக்க முன்வந்தார். திரைக்கதை எழுத, அரசியல் காரணத்தால் ஹாலிவுட் ஒதுக்கி வைத்திருந்த ஆல்பர்ட் மால்ட்ஸ் என்பவரை அமர்த்தினார். எதிர்ப்புப் பலமாகக் கிளம்பியது, சினாட்ரா கைவிட்டார்.

பெரிய நட்சத்திரமும் தியேட்டர்ப் பணமும் செய்யமாட்டாமல் விட்டதைத் தொலைக்காட்சியின் சிறுபடம் செய்து முடித்தது. ஸ்லோவிக்காக மார்ட்டின் ஷீன் நடித்தார். டைரக்டர் லமோன்ட் ஜான்சன். ஸ்லோவிக் தியாகி என்றோ, ராணுவம் கொடியது என்றோ படம் முழக்கமிடவில்லை. சட்டத்தின் சக்கரம் ஒவ்வொரு பல்லாகச் சுழல்வதைக் காட்டியது. ஒவ்வொரு அதிகாரியும் தன் மேலதிகாரி தண்டனையைக் குறைத்துவிடுவார் என்று நம்பிக் கையெழுத்திடுவதைக் காட்டியது. தீர்ப்பைப் பார்ப்பவனிடம் விட்டது. வியட்நாம் போரின் புண் ஆறாத நாட்டில் அது எவ்வளவு ஆழமாகத் தைத்திருக்கும் என்பதை நாமே ஊகிக்கலாம்.

தன்னையே கேட்ட கேள்வி

தொலைக்காட்சியில் வன்முறை பெருகியதைப் பற்றி அந்நாட்டில் 1970-களில் பெரிய விவாதம் நடந்தது. எழுத்தாளர் பலர், "கதை கதைதான், அதைப் பார்த்து எவனாவது கெட்டுப்போனால் நாங்கள் என்ன செய்வோம்?" என்று ஒதுங்கினார்கள். லெவின்சனும் லிங்க்கும் அந்தக் கேள்வியையே கதையாக்கினார்கள். 1977-ல் வந்த 'தி ஸ்டோரி டெல்லர்' படத்தில் ஒரு தொலைக்காட்சி எழுத்தாளன் தீவைப்பைப் பற்றிப் படம் எழுதுகிறான். அதன்பின் ஒரு சிறுவன் தன் பள்ளிக்கூடத்துக்குத் தீ வைத்து, அதில் தானே இறந்துபோகிறான். "உன் படம்தான் என் மகனைக் கொன்றது" என்கிறாள் தாய். எழுத்தாளனுக்கு உறக்கம் போகிறது. மற்றவர்களைச் சாடுவது எளிது. தன் தொழிலையே கூண்டில் ஏற்றி, அந்தக் கூண்டில் தானும் ஏறி நிற்பது எளிதன்று.

1981-ல் இருவரும் சேர்ந்து 'ஸ்டே ட்யூன்ட்' என்ற நூலை எழுதினார்கள். தம் படங்கள் எப்படி உருவாயின, எங்கே வென்றோம், எங்கே விட்டுக்கொடுத்தோம் என்பதையெல்லாம் அதில் மறைக்காமல் சொல்கிறார்கள். எழுத்துத் தொழிலைப் பற்றி நான் படித்த நூல்களில் இவ்வளவு நேர்மையானவை சிலவே. அதே ஆண்டில், லிட்டில் ராக் நகரப் பள்ளியில் 1957-ல் கறுப்பின மாணவர் ஒன்பது பேர் சேர்ந்தபோது நடந்த போராட்டத்தை 'கிரைஸிஸ் அட் சென்ட்ரல் ஹை' என்று படமாக்கினார்கள். 1984-ல் பீட்டர் ஃபிஷருடன் சேர்ந்து 'மர்டர், ஷி ரோட்' தொடரைப் படைத்தார்கள். வயது முதிர்ந்த ஒரு பெண் எழுத்தாளரைத் துப்பறிவாளராகக் கொண்ட அத்தொடர் பன்னிரண்டு ஆண்டு ஓடியது. லெவின்சன் 1987 மார்ச்சில், 52-ஆம் வயதில், மாரடைப்பால் இறந்தார். லிங்க் தனியே எழுதினார். எழுத்துக் கூட்டாளிகள் இருவரின் நட்பையும், அவர்களுள் ஒருவரைப் பற்றிய நோயையும் கருவாகக் கொண்டு 1991-ல் 'தி பாய்ஸ்' என்ற தொலைக்காட்சிப் படம் எழுதினார். 2020 டிசம்பரில் அவரும் மறைந்தார்.

நண்பர்களுக்கு ஒரு சொல்

இப்போது நம் நண்பர்களின் கேள்விக்கு வருகிறேன். இதைத் தொழிலாகக் கொள்ளலாமா? கொள்ளலாம். ஆனால் எழுதுவது மட்டுமே என் வேலை என்று எண்ணி இத்துறையில் இறங்க வேண்டாம். எழுத்துக்குப்பின் வரும் வேலைகளை மட்டமானவை என்று ஒதுக்குகிறவனுக்கு, தன் எழுத்து சிதைந்ததைப் பற்றிக் குறை சொல்ல வாய் இராது. வார்ட்டனில் படித்த வாணிபம் அந்த இருவருக்கும் வீண்போயிருக்காது என்று நினைக்கிறேன். செலவுக் கணக்கைப் படித்துப் புரிந்துகொள்ளும் எழுத்தாளனை, 'பணம் போதாது, இந்தக் காட்சியை நீக்கு' என்று யாரும் எளிதில் ஏமாற்ற முடியாது.

நம் சங்க மேடையிலேயே இதைப் பழகலாம். எழுதிக் கொடுத்துவிட்டு, விழா நாளில் முதல் வரிசையில் வந்து உட்காரும் வழக்கத்தை விடுவோம். ஒத்திகை நாள்தோறும் இருப்போம். நடிக்கிற நண்பர் ஒரு வரியைச் சொல்லமுடியாமல் திணறினால், குற்றம் அவர் நாக்கிலா, நம் வரியிலா என்று பார்ப்போம். விளக்குக்கும் திரைக்கும் என்ன செலவு என்று தெரிந்துகொள்வோம். அவை எங்கே இருமுகிறது, எங்கே அடங்குகிறது என்று மேடையின் பக்கத்தில் நின்று கேட்போம். துணைப் பாத்திரத்துக்குக் கைதட்டல் மிகுந்தால் வருந்தாமல், அடுத்த நாடகத்தை அவரைக் கொண்டே எழுதுவோம்.

இன்னொன்று. நல்ல கூட்டாளி ஒருவரைத் தேடிக்கொள்ளுங்கள். எழுதியது நன்றாக இல்லை என்றால் நன்றாக இல்லை என்று முகத்துக்கு நேரே சொல்லுகிறவராக அவர் இருக்கட்டும். அப்படிப்பட்டவர் அடுத்த அறையிலேயே, கையில் ஒரு பாதி நாடகத்தை வைத்துக்கொண்டு, அதை யாரிடம் காட்டுவது என்று தயங்கி உட்கார்ந்திருக்கலாம். இன்றிரவே போய்க் கதவைத் தட்டிப் பாருங்கள்.